பெயரின் வேரைத் தேடுவது எப்படி? இராமநாதபுரம் கடற்கரைக் குடும்பங்களுக்கு ஒரு முழுமையான வழிகாட்டி

தொண்டியிலிருந்து தேவிபட்டினம், மண்டபம், பாம்பன் வழியாகக் கீழக்கரை, ஏர்வாடி, மூக்கையூர் வரையுள்ள ஏதாவது ஓர் ஊரில் ரேஷன் கடை வரிசையில் நின்று பாருங்கள். நம்புராஜன், பாகம்பிரியாள், சேகு நெய்னா, செய்னம்பு, சந்தியாகு, முடியப்பன், முனியசாமி, முத்திருளாயி என்று பெயர்கள் கூப்பிடப்படும். குழந்தைப் பெயர்களுக்குப் பொருள் சொல்லும் இணையதளங்களில் இவற்றைத் தேடினால் பாதி கிடைக்காது. கிடைக்கும் பாதிக்கும் ஏதாவது ஒரு வடமொழி வேரை ஒட்டவைத்து, அதிர்ஷ்ட எண்ணும் ராசிக்கல்லும் சேர்த்துத் தருவார்கள். அந்தப் பக்கமே போக வேண்டாம் என்பது என் கருத்து.

நம் கரையில் ஒரு பெயருக்கு அகராதி சொல்லும் பொருள் கடைசியாகப் பார்க்க வேண்டியது. அந்தப் பெயர் யாருக்காக வைக்கப்பட்டது என்பதுதான் முதற்கேள்வி. எந்தச் சாமிக்கு நேர்ந்தது, எந்த அவுலியாவின் (இறைநேசரின்) பரக்கத்தை (அருளை) வேண்டியது, எந்தப் புனிதரின் திருநாளில் பிறந்தது, எந்தத் தாத்தாவை மீண்டும் வீட்டுக்குள் அழைத்தது? இந்தக் கேள்விக்குப் பதில் தேடும் வழியைத்தான் கீழே படிப்படியாக எழுதியிருக்கிறேன்.

முதல் படி: பெயரை அடுக்குகளாகப் பிரித்து எழுதுங்கள்

ஒரு நோட்டில் ஆளுக்கு ஒரு பக்கம் ஒதுக்குங்கள். தலைப்பெழுத்து, அதன் விரிவு, சொந்தப் பெயர், சாதி அல்லது தொழில் பட்டம், ஊரார் வைத்த பட்டப்பெயர், வீட்டில் கூப்பிடும் பெயர் ஆகியவற்றைத் தனித்தனி வரியில் எழுதுங்கள். எல்லாருக்கும் எல்லா வரியும் நிரம்பாது. காலியாக இருக்கும் வரியும் ஒரு தகவல்தான்.

ஏன் இப்படிப் பிரிக்க வேண்டும் என்பதற்கு, உலகமே அறிந்த ஒரு இராமேசுவரத்துப் பெயர் போதும். 1931 அக்டோபர் 15 அன்று பிறந்த ஆவுல் பக்கீர் ஜைனுலாப்தீன் அப்துல் கலாம். இதில் ஜைனுலாப்தீன் தந்தை, பக்கீர் தாத்தா, ஆவுல் தாத்தாவின் தந்தை. குடும்பப் பெயர் என்ற ஒன்று இந்த நீண்ட வரிசையில் எங்குமே இல்லை. பத்திரிகைகள் ‘கலாம்’ என்பதைக் குடும்பப் பெயர் போல எழுதிப் பழகிவிட்டன. உண்மையில் அது அவருடைய சொந்தப் பெயரின் பின்பாதி. ‘அப்துல்’ என்றால் ‘இன்னாரின் அடியான்’ என்று பொருள். தொடர்ந்து ஒரு சொல் வந்தே ஆக வேண்டும். அப்துல் காதர், அப்துல் ரகுமான், அப்துல் கலாம் எல்லாம் ஒட்டிப் பிறந்த பெயர்கள். நடுவில் வெட்டி முன்பாதியை ஒரு கட்டத்திலும் பின்பாதியை இன்னொரு கட்டத்திலும் போடுவது விண்ணப்பப் படிவங்கள் நமக்குக் கற்றுக்கொடுத்த கெட்ட பழக்கம்.

இரண்டாம் படி: பெயர் வைத்தவரைக் கண்டுபிடியுங்கள்

வீட்டில் இருக்கும் மூத்தவர்களிடம் உட்காருங்கள். முக்கியமாகப் பெண்களிடம். தாத்தாக்கள் பட்டத்தையும் பெருமையையும் சொல்வார்கள். எந்தப் பிள்ளை எப்போது செத்தது, எந்தக் கோவிலில் நேர்ந்துகொண்டது என்பதெல்லாம் அப்பத்தாவுக்கும் அம்மாச்சிக்கும்தான் தெரியும். முஸ்லிம் வீடுகளில் வாப்பாவைவிட உம்மாவைப் பெற்றவரிடம் கேட்பது பலன் தரும். ‘என் பெயருக்கு என்ன அர்த்தம்’ என்று ஆரம்பித்தால் பேச்சு நின்றுவிடும். இப்படிக் கேளுங்கள்:

எனக்கு முன்னால் இந்தப் பெயர் நம் வீட்டில் யாருக்கு இருந்தது?
எனக்கு முதல் மொட்டை எந்தக் கோவிலில் அல்லது தர்காவில் போட்டீர்கள்? காது குத்தியது எங்கே?
எனக்கு முன்னும் பின்னும் பிறந்து தவறிய பிள்ளைகள் உண்டா?
பள்ளிக்கூடத்தில் கொடுத்த பெயரும் வீட்டில் வைத்த பெயரும் ஒன்றுதானா?

முதற்கேள்விக்குப் பின்னால் ஒரு பெரிய வழக்கம் இருக்கிறது. மூத்த மகனுக்கு அப்பாவைப் பெற்ற தாத்தாவின் பெயர், அடுத்தவனுக்கு அம்மாவைப் பெற்ற தாத்தாவின் பெயர் என்பது இந்தக் கரையில் மதம் பாராமல் உள்ள முறை. பேரன் என்ற சொல்லே பெயரன் என்பதன் மரூஉதான். இதனால் வம்சாவளி எழுதும்போது ஒரு சிக்கல் வரும். முத்திருளப்பன் மகன் கார்மேகம், கார்மேகம் மகன் முத்திருளப்பன், அவன் மகன் கார்மேகம் என்று இரண்டே பெயர்கள் நூறாண்டுக்கு ஊஞ்சலாடும். ஒரு பழைய பத்திரத்தில் ‘முத்திருளப்பன் மகன் கார்மேகம்’ என்று கண்டதும் அது உங்கள் கொள்ளுத்தாத்தா என்று முடிவுகட்டிவிடாதீர்கள். உங்கள் அப்பாவாகவே இருக்கலாம். மனைவியின் பெயரோ நிலத்தின் நான்கெல்லையோ ஆண்டோ, இவற்றில் ஒன்றாவது பொருந்தினால்தான் ஆள் இன்னார் என்று எழுதலாம்.

மருமகள் மாமனார் பெயரை வாயால் சொல்லக் கூடாது என்ற பழைய கட்டுப்பாட்டையும் நினைவில் வையுங்கள். தாத்தாவின் பெயரை மகனுக்கு வைத்துவிட்டு அதைச் சொல்லிக் கூப்பிட முடியாத தாய், ‘ஐயா’ என்றோ ‘பெரியவர்’ என்றோ ‘ராசா’ என்றோ கூப்பிட்டிருப்பார். அந்தக் கூப்பிடும் பெயரே சில வீடுகளில் பள்ளிப் பதிவேட்டில் ஏறிவிட்டது. சான்றிதழில் ‘ராஜா’ என்று இருந்தால், அதற்கு அடியில் ஒரு தாத்தா ஒளிந்திருக்கலாம்.

மூன்றாம் படி: சாமியை ஊரோடு சேர்த்துப் பிடியுங்கள்

இதில் ஒரு விதியைச் சொல்லிவிடுகிறேன். பெரிய சாமியின் பெயர் ஊரைக் காட்டாது. சின்னச் சாமியின் பெயர் ஊரைக் காட்டிக்கொடுத்துவிடும்.

இராமநாதன், இராமலிங்கம், சேது, சேதுராமன், சேதுலட்சுமி, அம்பாள் பர்வதவர்த்தினியை ஒட்டிய பர்வதம் ஆகியவை இராமேசுவரத்தின் பெயர்கள் என்பதில் ஐயமில்லை. ஆனால் காசிக்கு இணையாக இந்தியா முழுவதிலுமிருந்து மக்கள் வந்துபோகும் தலம் அது. பிள்ளை வரம் வேண்டி சேதுவில் நீராடிய தஞ்சாவூர்க் குடும்பமும் மகனுக்குச் சேதுராமன் என்று வைத்தது. ஆகவே சேதுராமன் என்ற பெயர் ஒரு யாத்திரைக்குச் சாட்சி. பூர்வீகத்துக்குச் சாட்சி என்று சொல்ல முடியாது. முத்துராமலிங்கம் கொஞ்சம் நெருங்கிய தடயம். இராமநாதபுரத்தை ஆண்ட சேதுபதிகளின் வம்சத்தில் வழங்கிய பெயர் அது. 1908இல் பிறந்த பசும்பொன் முத்துராமலிங்கத் தேவருக்குப் பிறகு தென்மாவட்டம் முழுக்கப் பரவிவிட்டதால், பெயர் வைத்த ஆண்டையும் சேர்த்துப் பார்க்க வேண்டும்.

இதற்கு நேர்மாறானது நம்பு. தனுஷ்கோடி போகும் வழியில் இருக்கும் நம்புநாயகி அம்மன், இராமேசுவரம் தீவுக்காரர்களின் சொந்தத் தெய்வம். நம்பு, நம்புராஜன், நம்புவேல் என்று எவராவது சென்னையிலோ சிங்கப்பூரிலோ எதிர்ப்பட்டால், தீவோடு அவருக்கு என்ன உறவு என்று தயங்காமல் கேட்கலாம். பாகம்பிரியாள் என்ற பெயரும் அப்படியே. திருவாடானை வட்டத்துத் திருவெற்றியூரில் வன்மீகநாதரோடு இருக்கும் அம்பாள் அவள். இறைவனின் பாகத்தை விட்டுப் பிரியாதவள். பாம்புக்கடிக்கும் தீராத நோய்க்கும் அங்கே போய்த் தங்குவது இன்றும் வழக்கம். வீட்டில் ஒரு பாகம்பிரியாள் இருந்தால், அவருக்கு முந்தைய தலைமுறையில் யாருக்கு என்ன நோய் வந்தது என்று விசாரியுங்கள். பல நேரம் முழுக் கதையும் வெளியே வந்துவிடும்.

மற்றவற்றை விரைவாகச் சொல்கிறேன். மங்களேஸ்வரி, மங்களநாதன் என்றால் உத்தரகோசமங்கை. சினேகவல்லி என்றால் திருவாடானை. ஜெகநாதன், பத்மாசனி என்றால் திருப்புல்லாணியைச் சந்தேகிக்கலாம். 108 திவ்விய தேசங்களில் ஒன்றான அங்கே ஆதிஜெகந்நாதப் பெருமாளிடம் பிள்ளை வரம் கேட்டுப் பாயசம் வாங்குவது தொன்றுதொட்ட வழக்கம். பவளநிறவல்லியின் பெயரை ஒட்டிய பவளம், பவளவல்லி ஆகியவற்றுக்குச் சாயல்குடிப் பக்கத்து மாரியூரைப் பாருங்கள். வழிவிட்டான் என்ற அருமையான பெயருக்கு இராமநாதபுரம் நகரத்து வழிவிடு முருகன் காரணமா, உங்கள் ஊர் ஐயனார் காரணமா என்பதைக் குலதெய்வம் தெரிந்த ஆளிடம்தான் கேட்க வேண்டும். முனியசாமி, கருப்பையா, இருளாண்டி, இருளாயி போன்றவை காவல் தெய்வங்களின் பெயர்கள். தெய்வம் பொதுவானது என்றாலும் பீடம் தனித்தனி. எந்தக் கண்மாய்க் கரை முனி, எந்தப் பனங்காட்டுக் கருப்பன் என்பதை எழுதாமல் விட்டால் அந்தப் பக்கத்தில் எழுதியதற்குப் பயனில்லை.

நயினார் என்ற பெயர் தனிச் சுவை உள்ளது. தலைவன், எசமான் என்பது அதன் பொருள். நயினார்கோவிலில் நாகநாதரைக் குறிக்கும் அதே சொல், கடற்கரை முஸ்லிம்களிடம் நெய்னா, நயினா, நெய்னா முகம்மது என்று வழங்குகிறது. எது யாருடையது என்று சண்டை போடத் தேவையில்லை. மரியாதைக்குரிய ஒரு தமிழ்ச் சொல்லை இரண்டு பேரும் எடுத்துக்கொண்டார்கள்.

முத்து என்ற முன்னொட்டைப் பற்றியும் ஒரு வார்த்தை. மன்னார் வளைகுடாவில் முத்துக் குளித்தார்கள், ஆகவே எங்கள் வீட்டு முத்துக்கள் எல்லாம் முத்துக்குளித்த வம்சம் என்று பலர் சொல்லக் கேட்டிருக்கிறேன். கடலையே பார்க்காத கொங்கு நாட்டிலும் முத்துசாமிகள் நிறைந்திருக்கிறார்கள். அம்மை கண்ட உடம்பில் போடுவதையும் முத்து என்றுதான் சொன்னார்கள். முத்துமாரி அப்படி வந்தவள். பெயரில் முத்து இருப்பதை மட்டும் வைத்துக் கடலில் இறங்காதீர்கள்.

நான்காம் படி: பிழைக்க வைத்த பெயர்கள்

மூக்கன், மூக்கையா, மூக்கம்மாள், குப்பன், குப்பம்மாள், பிச்சை, தவிட்டான் என்ற பெயர்களைக் கேட்டு இளையவர்கள் கூச்சப்படுகிறார்கள். சிலர் அரசிதழில் மாற்றியும் விடுகிறார்கள். மாற்றுவது அவரவர் உரிமை. மாற்றுவதற்கு முன் காரணத்தை எழுதி வையுங்கள். அடுத்தடுத்துப் பிள்ளைகள் இறந்த வீட்டில் அடுத்த பிள்ளைக்கு மூக்கைக் குத்தினார்கள். குப்பையில் ஒரு கணம் கிடத்தி எடுத்தார்கள். அக்கம்பக்கத்தாரிடம் கொடுத்துத் தவிட்டுக்கு விலைபேசித் திரும்ப வாங்கினார்கள். எமனுக்கும் கண்ணேறுக்கும் இது ஒன்றுக்கும் உதவாத பிள்ளை என்று காட்டுவதுதான் நோக்கம். குடும்பத்தில் ஒரு மூக்கையா இருந்தால் அவருக்கு முன் எழுதப்படாத பெயர்கள் இருக்கின்றன என்று பொருள். வம்சாவளிப் படத்தில் அந்த இடங்களைக் கோடு போட்டுக் காலியாக விடுங்கள்.

போதும்பொண்ணு வேறு வகை. பெண் பிள்ளை போதும் என்ற சலிப்பைப் பிள்ளையின் தலையில் கட்டிய பெயர். அதற்கு அழகான விளக்கம் தேட நான் தயாராக இல்லை.

ஐந்தாம் படி: கடற்கரை முஸ்லிம் பெயர்களை ஒலியால் தேடுங்கள்

இந்தப் பெயர்களை அரபு அகராதியோடு நேரடியாக ஒப்பிட்டால் தோல்விதான். தமிழ் நாக்கில் பல தலைமுறை உருண்ட பிறகே அவை நம்மிடம் வந்திருக்கின்றன. ஷெய்க் சேகு ஆயிற்று. சையித் செய்யது. முஹ்யித்தீன் முகைதீன், பிறகு மைதீன். ஜைனப் செய்னம்பு. பாத்திமா பாத்து, பாத்திமுத்து. ஹலீமா அலிமா. ஹமீத் அமீது. சொல்லின் முதலில் வரும் ஹகரம் உதிரும், ஸகரம் சகரமாகும், மெய்யில் முடிந்தால் உகரம் ஏறும் என்ற மூன்றை மட்டும் மனத்தில் வைத்துக்கொண்டாலே பெரும்பாலான பெயர்களை மூலத்துக்குக் கொண்டுபோய்விடலாம்.

இந்த உருமாற்றத்துக்கு மிகப் புகழ்பெற்ற சான்று கீழக்கரையிலேயே இருக்கிறது. செத்தும் கொடுத்தான் சீதக்காதி என்று பழமொழியில் நிற்பவர், 17ஆம் நூற்றாண்டின் வணிகர், உமறுப் புலவரின் புரவலர். ஷெய்கு அப்துல் காதிர் என்பதை வேகமாகச் சொல்லிப் பாருங்கள், சீதக்காதி வந்துவிடும். அவருக்குப் பெரியதம்பி மரைக்காயர் என்ற பெயரும் உண்டு. கிழவன் சேதுபதி அவருக்கு ‘விஜய ரகுநாத’ என்ற தம் வம்சப் பட்டத்தையே கொடுத்தார். ஆக ஒரே ஆளின் பெயரில் அரபுப் பெயர், தமிழ் உறவுச்சொல், கடல்வணிகப் பட்டம், இராமனின் பெயர் நான்கும் இருந்தன. இன்றைய அடையாள அட்டையில் அந்த மனிதரை எந்தக் கட்டத்தில் அடைப்போம்?

அடுத்தது, எந்தப் பெரியார் என்று பார்ப்பது. மைதீன், காதர், அப்துல் காதர் பாக்தாதில் 1166இல் மறைந்த முஹ்யித்தீன் அப்துல் காதிர் ஜீலானியை நோக்கியவை. சாகுல் அமீது, மீரான், நாகூர் மீரான், நாகூர் கனி ஆகியவை நாகூர் ஆண்டவரைக் குறிப்பவை. இப்ராஹீம், சுல்தான் இப்ராஹீம், செய்யது இப்ராஹீம் என்று அடிக்கடி வந்தால் ஏர்வாடியில் அடங்கியிருக்கும் சுல்தான் சையிது இப்ராஹீம் ஷஹீத் பாதுஷாவை நினையுங்கள். வெறும் இப்ராஹீம் என்றால் நபியின் பெயராகவும் இருக்கலாம். முன்னால் சுல்தானோ செய்யதோ இருந்தால் ஏர்வாடிதான் என்று பெரும்பாலும் துணியலாம். மைதீன் பிச்சை, காதர் பிச்சை என்பவை நேர்ந்து பெற்ற பிள்ளைகள். நான்காம் படியில் பார்த்த பிச்சைக்கும் இதற்கும் உறவு நெருக்கம். ஏர்வாடி தர்காவின் சந்தனக்கூட்டு விழாவுக்கு எல்லாரும் போவதால், இந்து வீடுகளிலும் பக்கிரிசாமிகளும் நாகூரான்களும் இருக்கிறார்கள்.

பின்னால் வரும் கனி, நாச்சியார், அம்மாள், தம்பி, முத்து எல்லாம் சுத்தத் தமிழ். சமீப காலத்தில் வளைகுடாவிலிருந்து திரும்பியவர்கள் பிள்ளைகளுக்கு வைக்கும் பெயர்கள் அரபு உச்சரிப்பிலேயே இருக்கின்றன. செய்னம்புவின் பேத்தி ஸைனப் ஆகிவிட்டாள். பெயர் ஒன்றுதான் என்று அந்தப் பேத்திக்கு யாராவது சொல்ல வேண்டும்.

ஆறாம் படி: கத்தோலிக்கப் பெயர்களில் மொழிபெயர்ப்பைக் கண்டுகொள்ளுங்கள்

பாம்பன், தங்கச்சிமடம், மூக்கையூர்ப் பக்கத்துப் பெயர்களில் இரண்டு அடுக்குகள் உண்டு. ஒன்று போர்த்துகீசிய ஒலி. சந்தியாகு என்பது யாக்கோபு. சூசை என்பது யோசேப்பு. இன்னாசி என்பது இக்னாசியார். சவேரி, சவரிமுத்து என்பவை 1542இல் இந்தியா வந்த பிரான்சிஸ் சவேரியார். தங்கச்சிமடம் வேர்க்காட்டில் சந்தியாகப்பர் கோவில் இருப்பதால் அந்தப் பகுதியில் சந்தியாகுகள் அதிகம்.

இரண்டாவது, மிஷனரிகள் பொருளைப் பிடித்துத் தமிழாக்கிய பெயர்கள். இங்கேதான் வெளியாட்கள் தடுக்கி விழுவார்கள். பவுல் என்பதன் இலத்தீன் மூலத்துக்குச் சிறியவர் என்று பொருள், ஆகவே சின்னப்பர், சின்னப்பன். ஸ்தேவான் என்ற கிரேக்கப் பெயருக்கு முடி, மகுடம் என்று பொருள், ஆகவே முடியப்பர். யோவான் அருளப்பர். பேதுரு இராயப்பர். தோமினிக் சாமிநாதர். இந்தப் பட்டியல் தெரியாதவர் சாமிநாதன் என்ற பெயரைப் பார்த்ததும் சுவாமிமலைக்குப் போய்விடுவார். முடியப்பனைப் பார்த்து ஏதோ கிராம தேவதை என்பார். குடும்பம் கத்தோலிக்கக் குடும்பம் என்றால், முதலில் புனிதர்களின் தமிழ்ப் பெயர்ப் பட்டியலைப் பங்குச் சாமியாரிடம் கேட்டு வாங்குங்கள். வியாகுலம், அமலோற்பவம், செபமாலை, ஆரோக்கியம், அடைக்கலம் எல்லாம் மாதாவின் பல திருநாமங்கள். எந்த மாதா என்று தெரிந்தால் எந்தக் கோவில் என்று தெரியும்.

உள்ளூர்ச் சின்னச் சாமி விதி இங்கும் செல்லும். அந்தோணியும் மிக்கேலும் எங்கும் இருப்பார்கள். அருளானந்து, பிரிட்டோ என்ற பெயர்கள் ஓரியூரைக் காட்டும். போர்த்துகலிலிருந்து வந்த ஜான் டி பிரிட்டோ, அருளானந்தர் என்ற தமிழ்ப் பெயரோடு மறவர் நாட்டில் உழைத்து, கிழவன் சேதுபதி காலத்தில் 1693 பிப்ரவரி 4 அன்று ஓரியூரில் தலை வெட்டப்பட்டார். 1947இல் புனிதர் பட்டம் பெற்றார். ஒரு லிஸ்பன் குடும்பத்தின் பெயர் திருவாடானைப் பக்கத்தில் பையன்களுக்குச் சொந்தப் பெயராகிவிட்டது.

பரதவர் ஊர்களில் பர்னாந்து, ரோச், மோத்தா, கொரைரா, கோமஸ், மிராண்டா என்று உண்மையிலேயே தலைமுறை மாறாமல் தொடரும் குடும்பப் பெயர்கள் இருக்கின்றன. நம் கரையில் குடும்பப் பெயர் என்ற சொல்லுக்கு முழுத் தகுதி உள்ளவை கிட்டத்தட்ட இவை மட்டுமே. 1530களில் பரதவர் கூட்டமாக ஞானஸ்நானம் பெற்றபோது, ஞானத்தந்தையாக நின்ற போர்த்துகீசியரின் பெயர்கள் ஒட்டிக்கொண்டன. ஆகவே இரு வீட்டாரும் பர்னாந்து என்பதால் உறவு என்று ஆகாது. பர்னாந்து என்பதால் போர்த்துகீசிய இரத்தம் என்பதும் ஆகாது.

ஏழாம் படி: பட்டங்களைச் சந்தேகத்தோடு படியுங்கள்

சேதுபதி என்றால் சேதுவின் காவலர். இராமநாதபுரம் மன்னர்களின் பட்டம். இன்று அது பல வீடுகளில் பிள்ளைக்கு வைக்கும் சொந்தப் பெயர். அம்பலம் ஊர்த்தலைமையையும், சேர்வை படைத்தலைமையையும், பட்டங்கட்டி கடலோடிக் குடிகளின் தலைமையையும் குறித்த பதவிகள். இராவுத்தர் குதிரை வீரர். மரைக்காயர் என்பதை மரக்கலத்தோடு சேர்த்துச் சொல்வோரும் உண்டு, கப்பலைக் குறிக்கும் அரபுச் சொல்லோடு சேர்ப்போரும் உண்டு. இரண்டும் கடலில்தான் முடிகின்றன. இலங்கையில் அதே பெயர் மரிக்கார், கேரளத்தில் மரக்கார். உறவினர்களைத் தேடும்போது அந்த எழுத்துகளிலும் தேடுங்கள்.

பதவி ஒருவருக்கு இருந்தது. பட்டம் பிற்பாடு சாதி முழுவதற்கும் பரவியது. ஆகவே பெயரில் அம்பலம் இருப்பதால் முப்பாட்டனார் ஊரை ஆண்டார் என்று நோட்டில் எழுத வேண்டாம். பழைய தாளில் இருந்த பட்டம் பிந்தைய தாளில் காணாமற்போனால் அதையும் குறியுங்கள். 1929இல் செங்கல்பட்டில் கூடிய சுயமரியாதை மாநாடு சாதிப் பட்டங்களை விடச் சொன்னது. அந்த அலையில் பட்டத்தை விட்ட குடும்பங்களில் விட்டவர் யார் என்பது நல்ல தகவல்.

எழுத்தில் வராத ஒரு குடும்பப் பெயரும் இருக்கிறது: மறவர்களின் சில பிரிவுகளில் உள்ள கிளை. அது தாய் வழியாக வரும். தலைப்பெழுத்து அப்பனுடையது, கிளை அம்மாவுடையது. ஒரே கிளைக்குள் பெண் எடுப்பதில்லை. எந்த அரசுத் தாளிலும் இது பதிவாகாது. கல்யாணம் பேசும் பெரியவர்களுக்கு மட்டுமே தெரியும் என்பதால் இதை முதலில் எழுதிவிடுங்கள். கடற்கரை ஊர்களின் வகையறாப் பெயர்களும் இப்படித்தான். தண்டல் (படகோட்டித் தலைவர்) வீடு, சம்மாட்டி (படகு முதலாளி) வீடு, கொழும்பார் வீடு என்று ஊர் சொல்வது, ஒரே பெயரில் பத்துப் பேர் இருக்கும் தெருவில் ஆளைப் பிரித்தறியப் பிறந்தது. சில பட்டப்பெயர்கள் கேலியாகவோ ஊனத்தைச் சுட்டியோ இருக்கும். தெரிந்துகொள்ளுங்கள், அச்சில் போடாதீர்கள்.

எட்டாம் படி: தாள்கள்

வீட்டிலிருந்து தொடங்கி வெளியே போங்கள். திருமணப் பத்திரிகை, கருமாதிப் பத்திரிகை, மொய் நோட்டு மூன்றும் அலுவலகத் தாள்களைவிட நம்பகமானவை, ஏனென்றால் ஊர் கூப்பிட்ட பெயரிலேயே எழுதியிருப்பார்கள். பள்ளிச் சேர்க்கைப் பதிவேட்டில் ஆசிரியர் திருத்திய பெயர் இருக்கும். கத்தோலிக்கர்களுக்குப் பங்குக் கோவிலின் ஞானஸ்நான, திருமணப் பதிவேடுகள் பெரிய செல்வம். ஞானப்பெற்றோர் பெயரையும் சேர்த்துப் பிரதி எடுங்கள். முஸ்லிம்களுக்கு ஜமாஅத்தின் நிக்காஹ் பதிவேடும் அடக்கத்தலத்து மீசான் கல்லும் (கபுரில் நட்ட கல்) உண்டு. பழைய கடிதங்களும் குறிப்புகளும் அரபு எழுத்தில் இருந்தால் அரபு மொழி என்று நினைத்துத் தள்ளிவிடாதீர்கள், அரபு எழுத்தில் தமிழை எழுதும் அரபுத்தமிழாக இருக்கலாம். ஓதத் தெரிந்தவர் உரக்கப் படித்தால் தமிழ் கேட்கும்.

நிலப் பத்திரங்களில் ஒரு தடை வரும். நம் பகுதி 1803இலிருந்து ஜமீனாக இருந்து, 1948ஆம் ஆண்டின் ஜமீன் ஒழிப்புச் சட்டத்தால் அரசிடம் வந்தது. அதனால் அரசே உழவரிடம் நேராக வரி வாங்கிய ரயத்துவாரி ஊர்களில் கிடைப்பதுபோல் தொடர்ச்சியான பழைய பட்டா இங்கே கிடைக்காது. சார்பதிவாளர் அலுவலகத்தில் வில்லங்கச் சான்று போட்டுப் பழைய கிரயப் பத்திரங்களைத் தேடுவது மேல். 1910 வரை மதுரை மாவட்டத்தில் இருந்த பகுதி என்பதால், எழும்பூர் ஆவணக் காப்பகத்தில் தேடும்போது அந்தத் தலைப்பிலும் பாருங்கள். குடும்பம் இலங்கைக்குப் போய் வந்திருந்தால் மண்டபம் முகாம் வழியாகப் போன காலத்துத் தாள்கள், 1964 இந்திய-இலங்கை ஒப்பந்தத்துக்குப் பின் திரும்பியவர்களின் குடும்ப அட்டை ஆகியவற்றில் அப்பா பெயரும் சொந்த ஊரும் இருக்கும். தனுஷ்கோடிக்காரர்களுக்கு 1964 டிசம்பர் புயல் எல்லாத் தாளையும் கொண்டுபோய்விட்டது; அவர்கள் உறவினர் வீட்டுத் தாள்களைத்தான் நம்ப வேண்டும்.

ஒன்பதாம் படி: பாஸ்போர்ட்டில் என்ன எழுதுவது

இவ்வளவு தேடியபின் நடைமுறைக் கேள்வி ஒன்று மீதி இருக்கிறது. படிவம் குடும்பப் பெயர் கேட்கிறது, நமக்கோ அது இல்லை. அந்தக் கட்டத்தைக் காலியாக விட இந்திய விதிகள் அனுமதிக்கின்றன. ஆனால் 2022 நவம்பர் 21 முதல், ஒற்றைப் பெயர் மட்டும் உள்ள பாஸ்போர்ட்டில் சுற்றுலா விசா தர மாட்டோம் என்று ஐக்கிய அரபு அமீரகம் அறிவித்தபோது கீழக்கரையிலும் தொண்டியிலும் எத்தனை வீடுகள் கலங்கின என்பது ஊருக்கே தெரியும். பிறகு, பாஸ்போர்ட்டில் உள்ள தந்தை பெயரை ஏற்பதாகச் சொன்னார்கள்.

என் பரிந்துரை: தந்தையின் முழுப் பெயரைக் குடும்பப் பெயர்க் கட்டத்தில் எழுதுங்கள். சாதிப் பட்டத்தை அங்கே போட்டால் அடுத்த தலைமுறைக்கும் அதுவே நிரந்தரமாகும். அப்துல் காதர் போன்ற பெயரை ஒருபோதும் உடைக்காதீர்கள். இரண்டு சொல்லும் ஒரே கட்டத்தில் இருக்கட்டும். அப்பா, அம்மா, பிள்ளை மூவருக்கும் கடைசிப் பெயர் வேறு வேறாக வரும் என்பதால், வெளிநாட்டுப் பயணத்தில் பிள்ளையின் பிறப்புச் சான்றிதழைக் கையில் வைத்திருங்கள். எழுத்துக்கூட்டல் விஷயத்தில் அண்ணன் தம்பிகள் எல்லாரும் உட்கார்ந்து ஒரே முடிவு எடுங்கள். ஏற்கெனவே ஆளுக்கொரு விதமாக எழுதியிருந்தால், எழுதுபொருள் மற்றும் அச்சுத்துறை வெளியிடும் தமிழ்நாடு அரசிதழில் அறிவிப்புக் கொடுத்துத் திருத்துங்கள். பிறந்த பிள்ளைக்குப் பெயர் பதிய ஓராண்டு வரை கட்டணம் கிடையாது. அதன் பிறகும் தாமதக் கட்டணத்தோடு பதியலாம். பதியும்போதே அப்பா பெயரைத் தலைப்பெழுத்தாகச் சுருக்காமல் விரித்து எழுதச் சொல்லுங்கள்.